பதினோராவது வீடு

தொடக்கம் ஆனந்தகிரி மூன்றாம் தெரு டிரான்ஸ்ஃபார்மர்.
அங்கிருந்து இடப்பக்கமாக
பதினோரு வீட்டுக்கு ஒரு வீடு.
நடுவில் வரும் பத்தையும்
பார்க்காதது போல நடக்க வேண்டும்,
காபி குடிக்கக் கூப்பிட்டாலும்.

மலையில் இடப்பக்கம் என்பது மேலேயா கீழேயா?
கையேட்டில் இல்லை.
ஒரு வீட்டின் தகரக் கூரை முடிகிற இடத்தில்
இன்னொரு வீட்டின் வாசல்.
எதை முதலில் எண்ணுவது என்று
வத்தலக்குண்டிலிருந்த ஒச்சப்பன் சாரைக் கேட்டேன்.
"மேப்புல எல்லாம் ஒரே தரையிலதாம்மா இருக்கு" என்றார்.

வீடு என்றால்
ஒரே அடுப்பில் சாப்பிடுகிறவர்கள்.
ஆகவே கணக்கில் வராதவர்கள்:
காளான் தேடி வந்து லாட்ஜில் கிடப்பவர்கள்,
கேரட் லாரியில் தூங்கும் க்ளீனர்,
ஹாஸ்டல் பையன்கள்,
மதுரை ஜெயிலில் இருக்கும் எங்கள் தெருக்காரன்.
இவர்களுக்கு அடுப்பு இல்லை,
எண்ணும் இல்லை.

முதல் மூன்று கேள்விகள் சுலபம்.
பீடி, புகையிலை, பிராந்தி.
பிராந்திக்கு ஒருவரும் கூசவில்லை,
அரசாங்கமே விற்கிறதே.
நான்காவது:
கடந்த பன்னிரண்டு மாதத்தில்
கஞ்சா, வலி மாத்திரை, ஊசி, முகரும் பசை,
இவற்றில் ஏதாவது.
கேட்டவுடன் எல்லோருக்கும்
அடுப்பில் பால் இருப்பது ஞாபகம் வரும்.

அதற்குத்தான் இந்த ஐந்து ரூபாய்.
திரும்பி நின்று சுண்டுங்கள்.
பூ விழுந்தால், யோசிக்காமல், "ஆமா".
தலை விழுந்தால் உள்ளதைச் சொல்லுங்கள்.
என்ன விழுந்தது என்று எனக்குக் காட்டக் கூடாது.
உங்கள் ஆமா
காசு சொன்னதா நீங்கள் சொன்னதா,
கடவுளுக்கும் உங்களுக்கும்தான் தெரியும்.

பூண்டு தொலித்துக்கொண்டிருந்த இக்னேஷியம்மாள்
கையைத் துடைத்துவிட்டுச் சுண்டினாள்.
"பூதான் விழுந்துச்சு,
ஆனா ஆமான்னு சொல்ல வாய் வரல."
இல்லை என்று குறித்துக்கொண்டேன்.
அவள் மானத்தால்
ஊர் கொஞ்சம் சுத்தமானது.
காரேஜில் வேலை பார்க்கும் பையன் ஒருவன்
காசை வாங்காமலே ஆமா என்றான்.
"சுண்டிட்டுச் சொல்லு."
"எதுக்குக்கா?" என்றான்.
அதற்கும் கையேட்டில் கட்டம் இல்லை.

நான்காவது முறை பதினொன்று எண்ணியபோது
எங்கள் பச்சைக் கதவு.

சொந்த வீட்டை நாமே கேட்கக் கூடாது. விதி.
ஹெப்சிபா போனாள், என் காசை வாங்கிக்கொண்டு.
நான் தண்ணீர்த் தொட்டிமேல் உட்கார்ந்தேன்.
தெருவில் இறங்கிய காட்டெருமை ஒன்று
யாரோ கொட்டிய முட்டைக்கோஸ் இலையைத் தின்றபடி
என்னையே பார்த்தது.
உள்ளே அம்மா, அப்பா, சூசை.
பதினான்கு நிமிடம்.

ஹெப்சிபாவின் முகத்தில் ஒன்றுமில்லை.
பயிற்சியில் அவள்தான் முதல்.
காசைத் திருப்பிக் கொடுத்தாள்.
ஈரமாக இருந்தது.

ராத்திரி டேப்லெட்டில் பார்க்கக் கூடாது.
பார்த்தேன்.
ஆண். இருபத்திரண்டு. கேள்வி நான்கு: ஆம்.
பூவின் ஆமாவையும் ஆளின் ஆமாவையும்
யாராலும் பிரிக்க முடியாது,
அதுதான் இந்த முறையின் அழகு என்று
பயிற்சி வகுப்பில் எழுந்து நின்று
விளக்கியவள் நான்.
கரும்பலகையில் படம்கூடப் போட்டேன்.

தை மாதம் கணக்கு வந்தது.
இருநூற்று நாற்பது பேர், நூற்று நாற்பத்தொரு ஆமா.
நூற்றிருபதைக் காசுக்குத் தள்ளு.
மிச்சம் இருபத்தொன்று,
தலை விழுந்த நூற்றிருபது பேரில்.

"எவ்வளவுக்கா வந்துச்சு?"
சோற்றைப் பிசைந்தபடி சூசை கேட்டான்.
"நூத்துக்குப் பதினேழரை."
"அந்த அரை யாரு?"
சிரித்தான். நானும் சிரித்துவிட்டேன்.
அம்மா ரசம் ஊற்றினாள்.

தட்டைக் கழுவப் போனவன்
வெகுநேரம்
குழாயை மூடவே இல்லை.