அறுபது டன் மேடை

வாளையார் தாண்டி, பாலக்காட்டுச் சாலையோரம்
அறுபது டன் தாங்கும் இரும்பு மேடை.
இரவு ஒன்பதிலிருந்து விடியும் வரை
சம்பளத்துக்கு நான் அதன் கண்.
ஜெசிந்தா, ஊர் கொழிஞ்சாம்பாறை.
லாரி ஏறும், எண் எரியும், சீட்டுக் கிழிப்பேன்.

இரண்டுக்கும் மூன்றரைக்கும் நடுவே
வண்டி வராத ஒரு பள்ளம் உண்டு.
செருப்பைக் கழற்றி வைத்துவிட்டு
அப்போது நான் ஏறுவேன்.

பத்துப் பத்தாகத்தான் எண்ணத் தெரியும் இதற்கு.
என்னை ஐம்பது என்கிறது.
ஒரு செம்பு தண்ணீர் குடித்துவிட்டு வந்தால்
அறுபது.
குதித்தால், காற்றில் இருக்கும் அந்தக் கண்ணிமைப்புக்கு
பூஜ்யம்.
இறங்கும்போது நூற்றிருபது.
எங்கே இருந்தது மிச்சம் அறுபது?

பெங்களூரில் ஆறு வாரப் பட்டறை.
நூறு வருஷத்துக்கு முன்னால்
ஒருத்தி சாட்டின் சப்பாத்தைக் கழற்றி எறிந்தாள்,
அதுதான் ஆரம்பம் என்றார்கள்.
எனக்குச் சிரிப்பு வந்தது.
நம்மூரில் அதற்கு யார் கைதட்டுவார்?
நாம் என்றைக்கும் வெறுங்கால்.

ஆனால் அடுத்து வந்தவள் அடிவயிற்றில் தேடினாள்.
மூச்சு வெளியேற, இடுப்பு முன்னால் சுருள,
முதுகு வில்லாக...
இருமும்போது, வாய்விட்டு அழும்போது
எல்லா உடம்பும் செய்கிற காரியம்.
அவள் அதை நிறுத்தி, திரும்பச் செய்து,
எலும்பு எலும்பாகப் பிரித்துப் பாடமாக்கினாள்.
சுருங்கு. விடு.
எங்கள் மாதாகோயில் பின்பெஞ்சில்
பெரிய வெள்ளியன்று எத்தனை முதுகு
அப்படி வளைந்து பார்த்திருக்கிறேன்!

இன்னொருத்தி விழுந்தாள்.
நிமிர்ந்து நிற்பதில் ஒன்றுமில்லை,
கிடப்பதிலும் ஒன்றுமில்லை,
சரிகிற வழியில்தான் ஆட்டம் என்று
விழுந்துகொண்டே இருந்தாள்.
அவளைத்தான் நான் ராத்திரி ராத்திரி
இந்த இரும்பில் பழகுகிறேன்.
கணுக்கால், முட்டி, தொடையின் பக்கவாட்டு, தோள்.
எண் நூற்றைம்பதுக்குத் துள்ளுகிறது.
விழவில்லை, மோதுகிறேன் என்று அர்த்தம்.

செந்தாமராட்சன் சிமெண்ட் கோடவுன் சுமட்டுக்காரன்,
நீலச் சட்டை, என் வயதுதான்.
லோடு வரத் தாமதமானால்
சாயாவோடு வந்து என் கண்ணாடி ஜன்னலில் சாய்வான்.
ஒரு ஹங்கேரிக்காரர் கதை சொன்னேன்.
நடனத்தை எழுத ஒரு லிபி கண்டவர்
யுத்தக் காலத்தில் இங்கிலாந்தில் ஃபாக்டரிகளுக்குள் போய்
பாரம் தூக்குகிறவர்களின் தோளையும் கையையும்
உட்கார்ந்து குறித்துக்கொண்டாராம்.
"சரி," என்றான். "கூலி எவ்வளவு போட்டார்?"

பிறகு, கேட்காமலே, மேடையில் ஏறினான்.
எழுபது.
கூட்டாளி இருவர் மூட்டையைத் தூக்கித்
தலையில் வைத்தார்கள்.
நான் எண்ணைப் பார்த்தேன்.
எண்பது, தொண்ணூறு, நூறு, நூற்றுப் பத்து,
நூற்றிருபது. நின்றது.
துள்ளவில்லை. ஒரு தரமும்.
மூட்டை தொடுவதற்கு முன்பே அவன் முட்டி
அதற்கு இடம் விட்டிருந்தது.
"என்ன பார்க்கிறே?"
"ஒண்ணுமில்லை, இறக்கு."

அன்றைக்குப் பதினொரு தடவை விழுந்தேன்.
பதினொன்றாவதில் எண் அசைந்ததே தெரியவில்லை.
தரை என்னை எடுத்துக்கொண்டது போலக் கிடந்தேன்,
வலதுகாது இரும்பில்;
தூரத்தில் ஒரு ரயில்
யானைத்தடத்துக்காக வேகம் குறைப்பது
மேடை வழியே கேட்டது.

ஹாரன்.
நாசிக் வெங்காய லாரி.
டிரைவர் குதித்து ஓடி வந்து
இந்தியில் ஏதோ கேட்கிறார்; அடிபட்டதா என்று இருக்கும்.
எழுந்து, சுரிதாரைத் தட்டிக்கொண்டு, நகர்ந்தேன்.

மேடை காலி.
எண் பூஜ்யத்துக்கு வரவில்லை.
10 என்று நின்றது.

மண் அடைத்திருக்கும். மழைக்காலத்தில் ஆவதுதான்.
பதிவேட்டில் எழுதினேன்:
மூன்று முப்பத்தெட்டு. டேர் சரிபார்க்கவும்.
எழுதிவிட்டு, உடனே அழுத்த வேண்டிய பொத்தானை
கொஞ்சநேரம் அழுத்தாமல் இருந்தேன்.
வெங்காயத்தில் பத்து கிலோ கூடக் காட்டினால்
சேட்டு சண்டைக்கு வருவான்.
அழுத்தினேன்.