ஐந்து டன்னுக்கு மிகாமல்

நாரின் ஆற்றுப் பாலத்துக் காவல் அறையில்
அடுப்பருகே கணக்குப் புத்தகம்.
முப்பத்தாறு வயதில் எனக்குப் பள்ளி இறுதித் தேர்வு.
ஜூனில் ஐம்பத்தெட்டு வாங்கினேன்.
அறுபதுக்குக் குறையாமல் வேண்டுமாம்.

சொற்கள்தான் தடுக்கி விடுகின்றன.
'குறைந்தது' என்று எழுதியிருக்கும்,
விடையோ பெரிய எண்களின் பக்கம் ஓடும்.
'அதிகபட்சம்' என்றிருந்தால்
எண்ணெல்லாம் படியிறங்கும்.
எழுபத்து மூன்றாம் பக்கத்தில் ஒரு லிப்ட்.
நான் இதுவரை ஏறாத லிப்டில்
யாரும் சுமக்காத பெட்டிகள்.

பனி முந்திக்கொண்ட அக்டோபர் காலையில்
மேய்ச்சல் மலையிலிருந்து இறங்கியது லாரி.
நாற்பத்தொரு ஆடுகள். நடந்து வந்தாள் ஜிபர்குல்,
அவற்றின் சொந்தக்காரி,
வழியெல்லாம் அவற்றைத் திட்டிய களைப்போடு.
பலகையைக் காட்டினேன்: ஐந்து டன்னுக்கு மிகாமல்.
"ஒன்றிரண்டு கூடினால் பாலத்துக்குத் தெரியவா போகிறது?"
என்றான் ஓட்டுநர் சாகின்பெக்.

புத்தகத்தின் பின்னட்டையில் எழுதினேன்.
லாரி மூவாயிரத்து இருநூறு கிலோ.
ஆடு ஒன்றுக்கு நாற்பத்தைந்து.
x நாற்பதுக்கு மிகாது.
"ஒன்றை மட்டும் இறக்கு" என்றேன், தேர்வே எழுதி முடித்தவள்போல்.

அவன் கதவைத் திறந்து ஏறினான்.
இருக்கைக்கு அடியில் சுருள்வில் முனகியது.

ஐயோ, ஓட்டுநர்.
எந்த லிப்டிலும் எந்தப் படகிலும்
புத்தகம் எடை போட மறந்த ஆள்.
"உன் எடை?"
"எண்பது. தொப்பியோடு."
மறுபடி கழித்தேன், மறுபடி வகுத்தேன்:
முப்பத்தெட்டு, புள்ளி இரண்டு இரண்டு.
புள்ளிக்குப் பின்னால் வரும் ஆட்டை
எந்தக் கயிற்றில் கட்டுவது?
மூன்றை இறக்கினோம்.

இன்னும் பத்துக் கிலோ பாக்கி.
விடைத்தாளில் அதைக் கேட்க மாட்டார்கள்.
நாரின் நகர விடுதியில் என் மகன் எர்மெக்
ரொட்டியும் தேநீருமாய்ப் பொழுது தள்ளுகிறான்.
தராசை எடுத்தேன். உருளைக்கிழங்கு,
சரியாகப் பத்து.
சாக்கு என்ன எடை என்று
நானும் கேட்கவில்லை, அவனும் கேட்கவில்லை.

இப்போது ஐயாயிரம். மிகவில்லை. குறையவுமில்லை.
குறிக்குக் கீழே ஒரு சின்னக் கோடு உண்டே,
தேர்வில் நான் போட மறந்து
இரண்டு மதிப்பெண் இழந்த கோடு,
அதன்மேல்தான் ஊர்ந்தது லாரி.
பலகைகள் ஒவ்வொன்றாய்ப் பேசின.
ஜிபர்குல் எதையோ முணுமுணுத்தாள்.
நான் மூச்சைப் பிடித்துக்கொண்டேன்,
அதற்கும் எடை இருக்கும் என்பதுபோல்.

அக்கரையில் ஹாரன் அடித்தான்.

பிறகு மூன்று ஆடுகளையும் நடத்திப் போனாள் அவள்.
இரண்டு கடந்தன. மூன்றாவது
நடுப்பாலத்தில் நின்றுவிட்டது,
பலகை இடுக்கில் ஓடும் தண்ணீரைப் பார்த்தபடி.
அதற்கு எந்தக் குறியும் இல்லை.
புத்தகத்தை மூடிவிட்டுத் தள்ளப் போனேன்.