முப்பது மாதம்

முப்பது மாதத்துக்கு மேலா, கீழா.
இவ்வளவுதான் என் வேலை.
ப்ரூக்ஸ் இறைச்சி ஆலையில் இரண்டாம் ஷிப்ட்.
தலைகள் கொக்கியில் தொங்கி வரும்.
கீழுதட்டை இழுத்து, டோர்ச் அடித்து
முன்பற்களை எண்ணுவேன்.
இரண்டு பெரிய பல் என்றால் போகலாம்.
மூன்றாவது முரசைக் கிழித்து எட்டிப்பார்த்தால்
நீல மை. மூளையும் தண்டுவடமும்
தனித் தொட்டிக்கு.

வடக்கே எங்கோ ஒரு பசுவுக்குக் கால் பின்னியது.
ஒரேயொரு பசு.
எல்லையை மூடிவிட்டார்கள்.

தானம் தந்த மாட்டைப் பல்லைப் பிடித்துப் பார்க்கக் கூடாதாம்.
டெல்மர் ஹூக்ஸ்ட்ராவின் கிழப்பசு தானம் இல்லை.
லொறிக்கூலி போக
நாலு டொலர் எண்பது சதம் என்று காசோலை.
மாற்றவில்லை அவர்.
லொறிக் கண்ணாடியில் ஒட்டி வைத்திருக்கிறார்,
எழுத்து வெளியே தெரிய.

ஸ்காபரோவிலிருந்து மைத்துனி:
"அந்தக் கையாலையோ பிள்ளையைத் தூக்குறியள்?"
கழுவிப்போட்டுத்தான் என்றேன்.
"நெருப்பிலயே சாகாதாம், தண்ணியிலயோ போகும்?"
நெருப்பில் சாகாது என்பது உண்மை.
அன்றிரவு மகளை முழங்கைகளால் தூக்கினேன்,
சுடுசட்டியை இறக்குவதுபோல்.

ஞாயிறு, கால்நடைச் சங்கத்தின் இலவச பர்கர்.
சங்கத்துக்காரர் கமெராவுக்காக
இரண்டு தடவை முதல் கடி கடித்தார்.
"எத்தனை நாளில் பைத்தியம் பிடிக்கும்?"
வரிசையில் ஒரு சிறுவன் கேட்டான், பசியோடு.
தாய் அவனை இழுத்துக்கொண்டு போனாள்.
அவர்களுக்குப் பின்னால் நின்றவர்களும்
மணிக்கூட்டைப் பார்க்கத் தொடங்கினார்கள்.

பக்கத்துக் கொக்கியில் அபுக். நாக்கு அறுப்பவள்.
தெற்குச் சூடானில் அவள் ஆட்களுக்கு
மாட்டின் ஒவ்வொரு நிறத்துக்கும் ஒரு பெயர்.
தலை வர வர வாய்க்குள் சொல்வாள்.
உரித்த தலையில் நிறம் ஏது என்றேன்.
காதோரம் கத்தி தவறவிட்ட
நாலு மயிரைக் காட்டினாள்.

என் பல்லையும் ஒருவர் எண்ணினார்.
வந்திறங்கிய கிழமை. கடதாசி இல்லை.
பதினேழு என்றேன்.
கையுறை விரலால் கன்னத்தை இழுத்து
கடைவாய்ப்பல்லைத் தேடினார்.
ரப்பர் ருசி.
மேலா, கீழா?
என்ன எழுதினார் என்று தெரியாது.
ஒரு கதவு திறந்தது, நடந்தேன்.

நேற்று ஒரு தலை.
மூன்றாவது பல், இருக்கிறது என்றால் இருக்கிறது,
முரசுக்குள் வெள்ளை நூல் மாதிரி.
சந்தேகமென்றால் மேலே. அதுதான் விதி.
டோர்ச்சைக் கொஞ்சம் அதிகநேரம் பிடித்துவிட்டேன்,
பின்னால் கொக்கிகள் முட்டின.
அபுக் காதைப் பார்த்து ஒரு பெயர் சொன்னாள்.
புதுப் பெயர், முன்னர் கேட்டதில்லை.
நான் மையை எடுத்தேன்.