மூவாயிரத்து இருநூறு

கோத்தகிரி கடைவீதியில் வாங்கிய பைனாகுலர்.
காதோரம் குலுக்கினேன்: உள்ளே எதுவும் உருளவில்லை.
கீலை விரித்தால் கொஞ்சம் முரண்டு;
நல்லதுதான், தொளதொளப்பு இல்லை.

மாடியில் சோதனை.
ஹாலன் வீட்டுத் தகரக்கூரை ஓரத்தில்
ஊதாக் கோடு ஒன்று.
அவர் அடித்த பெயின்ட் அல்ல,
என் கண்ணாடியின் பொய்.
நடுவில் ஆணித்தலை துல்லியம்;
விளிம்புக்குப் போனால்
ஆணியே கரைந்துவிடுகிறது.

"இந்தப் பக்கம் என்ன பார்வை?"
கீழிருந்து அவர் மனைவி.
"கூரையைத்தான், அக்கா."
நம்பவில்லை.
கொடியிலிருந்த துணிகளை அள்ளிக்கொண்டு போனார்.

நாலு மணிக்கு மூடுபனி.
வலக்குழாய்க்குள்ளும் ஏறிவிட்டது.
நீர் புகாது என்கிறது அட்டைப்பெட்டி.

ஒரு கண்ணை மூடிக்கொண்டு
இடக்குழாயில் பார்த்தேன்:
தேயிலை வேலியில் ஒரு சிரிப்பான்.
அதன் வெள்ளைப் புருவத்தைச் சுற்றி
ஊதா இல்லை.
பொய் சொல்ல
வெளிச்சம் போதவில்லை.