கடைசிப் படகு

இந்தப் பினாங்கில் விளைவுக்குக் கால்கள்தான்,
நாளுக்கு இரண்டு கட்டை.
ஞாயிறன்று லெபோ பசாரில்
குஞ்சரவல்லி தவறவிட்ட கண்ணாடிக் குவளை
தரையில் முழுசாகக் கிடந்தது.
செவ்வாய், ஆயர் ஈத்தாம் சந்தையில்
மீன் வெட்டும் ஆ கியோங்கின் விரல் கிழிந்தது.
யாருடையதோ, என்று துடைத்துக்கொண்டு
அடுத்த கெளுத்தியை எடுத்தார்.

கடலில் அதற்கு நடக்கத் தெரியாது.
பட்டர்வொர்த் போக என்னிடம்தான் வரவேண்டும்,
சீட்டுக்குக் காசோடு.
யாரோ கட்டாத கடன் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு வரும்.
பொய், குடும்பத்தோடு.
மன்னிப்பு மட்டும் மூச்சிரைக்க ஓடிவரும்,
பாதி நாள் படகைத் தவறவிடும்.

போன மாதம் இதே துறையில்
அண்ணனிடம் ஒரு சொல் சொன்னேன்.
சிரித்தபடியே படகேறினான்;
அது இன்னும் அவனைத் தொட்டிருக்கவில்லை.

நேற்றிரவு வந்தது.
என் சட்டையையே போட்டிருந்தது.
மீதி தரச் சில்லறை இல்லை என்று
வாயிலை இழுத்துச் சாத்தினேன்.
மழையில் கொஞ்ச நேரம் நின்றது,
பிறகு வந்த வழியே போனது.

சேராத விளைவு வினையிடமே திரும்பும் என்பது
எனக்குத் தெரியாததா?

விடிந்ததிலிருந்து அந்தச் சொல்
மறுபடி என் நாக்கில், சூடு ஆறாமல்.
அண்ணன் அழைக்கிறான்.
மணி ஆறாவது முறை அடிக்கிறது.