இரண்டாம் அடி

ஃபிளெக்ஸில் என்னை வெளுத்திருந்தார்கள்.
யாரோ ஒருத்தி
என் மூக்குத்தியைப் போட்டுக்கொண்டு சிரித்தாள்.
பெயர் மட்டும் என்னுடையது:
பாவாயி.
முதல் எழுத்தே என் இடுப்பு உயரம்.

"ஸ்டேஜுக்கு வேற பேரு வெச்சுக்கலாம்க்கா" என்றான்
சவுண்டு சர்வீஸ் லூர்து.
வெச்சுக்கலாம்.
இந்த வேனுக்கு வட்டிக்கு வாங்கின பத்திரத்தில்
இதுதானே இருக்கு.
அவன் தேடி வந்தால்
யாரைக் கேட்பான்?

பதினோரு வருஷம் பின்பாட்டு.
அர்த்தநாரி அண்ணன் மூச்சை இழுக்கும் சத்தம்தான்
எனக்குக் கடிகாரம்.
அவர் தோள் ஏறும், இறங்கும்,
அப்புறம் நான்.
கூட்டம் அவர் முகத்தைப் பார்க்கும்.
நான் அவர் சட்டை முதுகில்
வேர்வை இன்றைக்கு எந்த நாட்டு வரைபடமாகப் படர்கிறது
என்று பார்த்துக்கொண்டிருப்பேன்.

இந்த ஆடியில் ஏழு ஊர், என் பெயரில்.
முதல் ஊர் ஏற்காடு.

வளைவுக்கு வளைவு பலகையில் நம்பர்.
ஒன்பதில் கீபோர்டு ஜெனிஃபர் வாந்தி எடுத்தாள்.
பதிமூன்றில் எனக்குக் காது அடைத்தது.
எச்சில் விழுங்கினேன், கொட்டாவி விட்டேன்,
மூக்கைப் பிடித்து ஊதினேன்.
இருபது முடிந்தும் திறக்கவில்லை.

மேடை.
ஏரிப் பக்கமிருந்து பனி வந்து
விளக்கு வெளிச்சத்துக்குள் உட்கார்ந்துகொண்டது.
முன்னால் காப்பித் தோட்டத்து ஆட்கள்.
பின்னால் ரூம் போட்டு வந்தவர்கள், சோளம் கடித்தபடி.
செங்கோடன் பம்பையை அடிப்பது தெரிந்தது,
சத்தம் எங்கோ தண்ணீருக்கு அடியில்.

நின்றேன்.
நின்றுகொண்டே இருந்தேன்.
முதல் அடியை யாராவது எடுக்கட்டும் என்று
தொண்டை காத்துக்கொண்டிருந்தது.
எனக்கு முன்னால் முதுகு இல்லை.

செங்கோடன் சுற்றி வந்தான், மறுபடி சுற்றி வந்தான்.
மூன்றாம் தடவை அவன் கண்ணை உருட்டியது
மலை முழுக்கத் தெரிந்திருக்கும்.

எடுத்தேன்.
எடுத்தது இரண்டாம் அடி.
வாய்க்கு வேறு வாசல் தெரியாது.
"அதனாலே மலையேறி வந்தேன்" என்று,
என்ன ஏது என்று சொல்லாமலே
ஆரம்பித்துவிட்டது பாட்டு.

முன்வரிசையில் தலைக்குத் துண்டு கட்டியிருந்த ஒருத்தி
எழுந்து என்னமோ கத்தினாள்.
கேட்கவில்லை.
வாயைப் பார்த்துப் புரிந்துகொண்டேன்:
"எதனாலே?"

அதற்கப்புறம்தான் பாடினேன்
அண்ணனுடைய அடியை.
"காத்துல உன் சேதி வரலே."
இவ்வளவுதானா?
பின்னாலிருந்து கேட்டபோது
நீளமாக இருந்ததே.

இறங்கும்போது ஏழாம் வளைவில் காது திறந்தது.
முதலில் விழுந்தது
லூர்து பணம் எண்ணும் சத்தம்.
அடுத்து, ஜெனரேட்டர் டீசலுக்கு அவன் கழித்தது.

வாழப்பாடியில் வேண்டுமென்றே
இரண்டாம் அடியில் ஆரம்பித்தேன்.
ஒருத்தரும் எதனாலே என்று கேட்கவில்லை.
கடைசியில் செங்கோடனே கேட்டான், பாவம்.

ஆத்தூர் ரோட்டில் ஜவ்வரிசி ஆலைப் புளிப்பு
கண்ணாடியை ஏற்றியும் உள்ளே வந்தது.
ஓமலூரில் மழை, நாற்பது பேர், நானூறு நாற்காலி.
தாரமங்கலத்தில் தொண்டை கட்டி
தட்டுவடை செட்டைப் பார்த்தாலே பயம்.
மேச்சேரியில் இரண்டு பாட்டைத் திரும்பக் கேட்டார்கள்.
எடப்பாடியில் ஒன்றைக்கூட.
அண்ணன் போன் பண்ணவில்லை.
நானும்.

கடைசி, சேலம் அம்மாபேட்டை.
தெரு அடைத்துக் கூட்டம்.
ஃபிளெக்ஸில் அந்த வெள்ளைக்காரி
மழையில் கொஞ்சம் சாயம் போயிருந்தாள்,
என் ஜாடை வரத் தொடங்கியிருந்தது.

பம்பை விழுந்தது. ஒழுங்காகக் கேட்டது.
பின்குரலுக்கு ஜெனிஃபர்,
கண் என் தோள்மேல்.

மூச்சை இழுத்தேன்.
மைக்கில் விழுந்து
தெருக்கோடி வரைக்கும் போனது அந்தச் சத்தம்.
லூர்து பதறி அதைக் குறைக்கப் போனான்.
வேண்டாம் என்று கை காட்டினேன்.