ஒரு ன் குறைவு

ராணிப்பேட்டை சிப்காட், தோல் ஷெட், மெயின் கேட்.
பதிவேட்டில் பெயருக்கு விட்ட கட்டத்தில்
அவர் அடங்கவில்லை.
உயிரெழுத்துக்குக் காத்திராமல்
மெய்யும் மெய்யும் முட்டிக்கொண்டு தொடங்கும் பெயர்.
மூன்றாம் தடவை அவர் சொல்ல, எழுதினேன்:
ஸ்பிக்ஞெஃப்.
பள்ளிக்கூடம் விட்டபின்
ஆய்த எழுத்துக்கு அன்றுதான் வேலை கொடுத்தேன்.

போலந்துக்காரர். தோல் பிளக்கும் எந்திரத்துக்குக்
கத்தி மாட்ட வந்தவர்.
கூடவே இருக்கச் சொல்லி எனக்கு உத்தரவு.
சாயங்காலத்துக்குள் ஷெட் முழுக்க அவர்
பிக்கு சார்.

"பேருக்கு இன்னா சார் அர்த்தம்?"
டீ குடித்த காகிதக் கப்பைக் கிழித்து விரித்து
பெயரை எழுதி, நடுவில் கோடு கிழித்தார்.
முன்பாதி: தொலை.
பின்பாதி: கோபம்.
சிலுவை அந்தப் பக்கம் போகும் முன்னே
புழங்கிய பேராம்.
இரண்டு சொல்லை ஒட்டத் தைத்து
பிள்ளை மேல் போர்த்திவிடுவார்களாம்,
அப்படியே வளரட்டும் என்று.
மார்ச் பதினேழு அந்தப் பேருக்கு நாள்.
பிறந்தநாளை மறந்தவர்கள்கூட
பேர்நாளில் பூவோடு வந்து கதவைத் தட்டுவார்களாம்.

என் கதையும் சொன்னேன்.
ஞானஸ்நானப் புத்தகத்தில் சின்னப்பன்.
பவுல் என்றால் சின்னவர்; அதனால் சின்னப்பர்.
ரேஷன் கார்டில் ஒரு ன் விழுந்துபோய்
சினப்பன்.
ஆதாரிலும் அதே, பி.எஃப்.பிலும் அதே.
திருத்தக் கேட்டுத் தாலுகா ஆபீசில்
நாலு முறை கத்தி,
கார்டில் இருப்பது சரிதான் என்று
நிரூபித்துவிட்டு வந்தேன்.

மறுநாள் மதியம். நாற்பத்து மூன்று டிகிரி.
கரண்ட் போனது, வந்தது, போனது.
புதுக் கத்தி நெளிந்தது.
ஸ்பானரைச் சுவரில் அடித்தார் பிக்கு சார்.
பாஷை தெரியாவிட்டாலும் வசவு விளங்கியது.
டிரம்மிலிருந்து தோல் இழுத்த குணசீலி சொன்னாள்:
"தொலைச்சிட்டாரு பாரு கோபத்த,
சொவுத்து மேல."

பொறுக்கி எடுத்துக் கொடுத்தேன்.
"அப்பா கோபக்காரர்," என்றார், வியர்வையைத் துடைக்காமல்.
"எனக்கு வைத்த பேர் அவருக்குத் தேவைப்பட்டது."
வேறொன்றும் சொல்லவில்லை.
கத்தியைக் கழற்ற நான் லைட் பிடித்தேன்.

அவர்கள் மொழியிலும் கூப்பிட ஒரு வேற்றுமை உண்டாம்,
கடைசியில், நம் எட்டாவதைப் போல.
கூப்பிட்டால் பெயரின் வால் மாறும்.
வீட்டில் அவர் ஸ்பிஷெக்; அழைத்தால் ஸ்பிஷ்கு.
சொல்லிப் பார்த்தேன். திரும்பினார்.
பிறகு என்னை அழைத்தார்: சின்னப்பா.
அன்னா என்று அங்கேயும் பெண்களுக்குப் பேர் இருப்பதால்
இரண்டு ன்-னும் நாக்கில் அழுந்தி நின்றன,
அரசாங்கத்தால் முடியாத மாதிரி.

போகிற அன்று பதிவேட்டில், வெளியேறிய நேரம் 5.40.
கையெழுத்துக்குப் பக்கத்தில்
குழந்தை வரைந்ததுபோல் ஒரு ன.
உபரி, வைத்துக்கொள் என்றார்.
புள்ளி வைக்க மறந்திருந்தார்.
நானும் இன்னும் வைக்கவில்லை.